காரணம் குறிப்பிடப்படாத வலி

மதியச் சாப்பாட்டை முடித்து, டப்பாவைக் கழுவிக்கொண்டு வந்து எலும்பண்ணா நாற்காலியில் உட்கார்ந்தபோது, கோடிங் அறையின் கதவை யாரோ எட்டி உதைத்தார்கள். தாழ்ப்பாள் போடாத கதவு. விரலால் தள்ளினாலே திறந்திருக்கும். உதைத்த வேகத்தில் அது சுவரில் மோதித் திரும்பி வந்து, உதைத்தவனின் தோளிலேயே இடித்தது. அந்த இடியில் அவன் முகம் ஒரு பக்கமாகக் கோணியதை எலும்பண்ணா கவனித்தார். அடிமுதுகில் நரம்பு நசுங்கிய ஆட்களுக்கு வருகிற கோணல். எத்தனையோ வருடங்களாக அந்த வலியைக் கம்ப்யூட்டர் திரையில் எழுத்தாக மட்டும் பார்த்துப் பழகியவர் அவர். அதை ஒரு முகத்தில் பார்த்ததும் ஏனோ எழுந்து நிற்க வேண்டும்போல் இருந்தது.

அந்த அறை ஆஸ்பத்திரியின் கீழ்த்தளத்தில், சலவைக்கூடத்துக்கு அடுத்து இருந்தது. நோயாளிகள் யாரும் அங்கே வரமாட்டார்கள். டாக்டர்கள் எழுதி அனுப்புகிற ஒவ்வொரு நோய்க்கும், ஒவ்வொரு காயத்துக்கும், அந்தக் காயம் எப்படி வந்தது என்பதற்கும் தனித்தனியாகக் குறியீடு போடுவதுதான் அங்கே வேலை. அந்தக் குறியீட்டைப் பார்த்துத்தான் இன்ஷூரன்ஸ் கம்பெனி பணம் கொடுக்கும், அல்லது கையை விரிக்கும். யார் எந்த உறுப்பைப் பார்க்கிறார்களோ அதுவே அவர்களுக்குப் பெயராகிவிட்டது. எலும்பைப் பார்க்கிறவர் எலும்பண்ணா. எதிர் மேஜையில் கல்லீரல், இரைப்பை எல்லாம் பார்க்கிற பெண்ணுக்கு ஈரல் என்று பெயர். "உங்களுக்காவது எலும்பு, கெத்தா இருக்கு. என்னைக் கட்டிக்கப் போறவன் கிட்ட நான் எப்படிச் சொல்லுவேன்?" என்று அவள் அலுத்துக்கொள்வாள். வேலைக்குச் சேர்ந்த புதிதில் இடுப்பு வலி என்று வந்த ஒரு கிழவரைப் பிரசவக் குறியீட்டில் சேர்த்துவிட்டவள் அவள். அன்றைக்கு அறையே விழுந்து விழுந்து சிரித்தது. எலும்பண்ணாதான் பக்கத்தில் உட்கார்ந்து விளக்கினார். இடுப்பு வலி என்ற ஒரே சொல்லுக்குள் தசைப்பிடிப்பு இருக்கும், தேய்மானம் இருக்கும், ஜவ்வு பிதுங்கல் இருக்கும், விழுந்தது இருக்கும், அடிபட்டது இருக்கும். டாக்டர் இதில் எதையுமே எழுதவில்லை என்றால் கடைசியாக ஒரு குறியீடு உண்டு: காரணம் குறிப்பிடப்படாத இடுப்பு வலி. "டாக்டர் எழுதாததை நாம எழுதக் கூடாது. நம்ம கண்ணால பாத்திருந்தாலும் கூடாது," என்றார்.

"இதுல எலும்பு யாரு?" என்று கேட்டான் வந்தவன்.

முப்பது வயதுக்குள்தான் இருக்கும். சட்டைக்கு மேலேயே இடுப்புப் பட்டை கட்டியிருந்தான். கையில் ஆஸ்பத்திரியில் கொடுத்த ஊன்றுகோல், அடியில் நாலு இரும்புக் கால் விரிந்து நிற்கிற வகை. கழுத்தும் தோளும் சுமை தூக்கித் தூக்கி ஒன்றாகிவிட்டிருந்தன.

"நான்தான். என்ன வேணும்? உக்காருங்க."

"உக்கார முடிஞ்சா நான் ஏன்யா இங்க வரேன்? டாக்டரைக் கேட்டா கோடிங்ல போட்டதுங்கறாரு. கவுண்டர்ல கேட்டா கீழ எலும்புன்னு ஒரு ஆள் இருக்காரு, அவர் போட்டதுதான்னு சொல்றாங்க. போட்டியா நீ?"

எதைப் போட்டேன் என்று எலும்பண்ணா கேட்கவில்லை. பட்டையையும் கழுத்தையும் பார்த்ததுமே அந்த ஃபைல் நினைவுக்கு வந்துவிட்டது. லோடுமேன். லாரியிலிருந்து பீரோ இறக்கும்போது அடிபட்டதாக நர்ஸ் ஒரு வரி எழுதியிருந்தாள். நர்ஸ் எழுதியது கணக்கில் வராது. டாக்டர் எழுதியது இரண்டே சொல்: இடுப்பு வலி. எப்படி வந்தது என்று கேட்டு எலும்பண்ணா அவருக்குக் கேள்வி அனுப்பினார். பதில் இல்லை. மறுபடி அனுப்பினார். மாதக் கடைசி, ஃபைலை முடியுங்கள் என்று மேனேஜர் கழுத்தில் கத்தி வைத்தார். காரணம் குறிப்பிடப்படாத இடுப்பு வலி என்று போட்டு எலும்பண்ணா முடித்துவிட்டார்.

"கயிறு அறுந்து மொத்த பீரோவும் என் மேல சாஞ்சுதுய்யா," என்றான் லோடுமேன். அவன் குரல் இன்னும் உயரவில்லை. "கூட இருந்தவங்க எல்லாரும் பாத்தாங்க. இப்போ ஓனர் உன் பேப்பரைத் தூக்கிக் காட்டுறாரு. உனக்கு முன்னாடியே இருந்த வலிதாம்பா, காரணமே இல்லன்னு ஆஸ்பத்திரியே சொல்லுதுன்னு. இன்ஷூரன்ஸும் இல்ல, வேலையும் இல்லன்னுட்டாரு. என் பொண்டாட்டி கேக்குறா, அப்ப நீ நிஜமாவே விழலையான்னு."

எலும்பண்ணா அந்த இடத்தில் வேறு எதையாவது சொல்லியிருக்கலாம். தண்ணீர் குடிங்க என்று சொல்லியிருக்கலாம். வாங்க, டாக்டரிடம் போகலாம் என்று கிளம்பியிருக்கலாம். ஆனால் வேலை அவர் நாக்கில் ஊறிப்போயிருந்தது.

"காரணம் இல்லன்னு நாங்க போடலைங்க. காரணம் குறிப்பிடப்படலைன்னுதான் போட்டிருக்கோம். ரெண்டும் வேற வேற," என்றார்.

ஊன்றுகோல் முதலில் திரையில் விழுந்தது. திரை பின்பக்கமாகச் சாய்ந்து ஒயரோடு தொங்கியது. இரண்டாவது வீச்சு எலும்பண்ணாவின் காதில். சத்தமே கேட்கவில்லை, தலைக்குள் வெள்ளையாக ஏதோ பரவியது. கையை வைத்துப் பார்த்தார், காதின் மேல்பாதி கிழிந்து ஆடியது. ஈரல் கத்திக்கொண்டே மேஜைக்கு அடியில் புகுந்தாள். மற்றவர்கள் வாசல் பக்கம் ஓட, ஓடின வேகத்தில் ஒருவர் மேல் ஒருவர் விழுந்து எழுந்து வெளியேறினார்கள். லோடுமேன் ஊன்றுகோலைக் கீழே போட்டுவிட்டு எலும்பண்ணாவின் சட்டைக் காலரைப் பிடித்து நாற்காலியோடு தூக்கிச் சுவரில் மோதினான். மோதிவிட்டுத் திரும்பவும் இழுத்தான், திரும்பவும் மோதினான். பிறகு கழுத்தைப் பிடித்தான். நாளெல்லாம் மூட்டையும் பீரோவும் தூக்கிய கைகள். கட்டை விரல்கள் குரல்வளையில் இறங்கியபோது, இவனுக்கு என்னைக் கொல்கிற எண்ணம் இல்லை, ஆனால் கொன்றுவிடுவான் என்று எலும்பண்ணாவுக்குத் தெளிவாகத் தெரிந்தது. தாடையைத் தாழ்த்தி அவன் மணிக்கட்டைக் கடித்தார். பல் சதைக்குள் இறங்கியது. உப்பும் இரும்பும் கலந்த ருசி. விடவில்லை. இன்னும் ஆழமாகக் கடித்தார்.

அவன் கையை உதறி இழுத்த அந்தத் திருகலில் அவனுடைய இடுப்பு பிடித்துக்கொண்டது. "அய்யோ" என்றான். அது சண்டை போடுகிறவன் குரலாக இல்லை. இரண்டு கையாலும் மேஜையைப் பிடித்தான். கீழே கிடந்த ஊன்றுகோலை எலும்பண்ணா எடுத்தார். எடுத்த கையோடு அவன் முழங்காலின் பின்பக்கத்தில் வீசினார். அவன் மடங்கி, மேஜை விளிம்பில் மோவாய் இடிக்க, குப்புற விழுந்தான்.

அதோடு முடிந்திருக்க வேண்டும். அவன் எழவில்லை. எழ முயலவும் இல்லை. தரையில் கன்னத்தை வைத்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தான். விழுந்ததில் இடுப்புப் பட்டை மேலே ஏறி, அதற்குக் கீழே ஒரு கை அகலத்துக்கு முதுகு தெரிந்தது. வேர்வையில் மின்னிய கறுத்த முதுகு, நடுவில் பள்ளம். எலும்பண்ணா அந்த இடத்தைப் பார்த்தார். இவனுடைய ஸ்கேன் அறிக்கையைப் படித்திருக்கிறார். ஜவ்வு எங்கே பிதுங்கியிருக்கிறது, எந்த நரம்பு நூலிழையில் தப்பித்துக்கொண்டிருக்கிறது, எல்லாம் தெரியும். உடம்பில் அந்த இடத்தை விரல் வைத்துக் காட்டச் சொன்னால் கண்ணை மூடிக்கொண்டு காட்டுவார். ஊன்றுகோலைத் திருப்பிப் பிடித்து, நாலு இரும்புக் கால்களும் கீழே வர, இரண்டு கையாலும் ஓங்கி அங்கே இறக்கினார்.

லோடுமேனின் கால்கள் ஒருமுறை துள்ளின. அப்புறம் இரண்டு பாதமும் வெளிப்பக்கமாகச் சாய்ந்து கிடந்தன.

காவலாளிகள் வந்து சேர்ந்தார்கள். வந்தவர்கள், விழுந்து கிடந்தவனை ஆளுக்கு இரண்டு உதை உதைத்தார்கள். "எலும்பு சாரையா அடிச்ச, எலும்பு சாரையா" என்று கேட்டுக் கேட்டு உதைத்தார்கள். எலும்பண்ணா வேண்டாம் என்று சொல்ல வாயைத் திறந்தார். வாயிலிருந்து அவனுடைய ரத்தம்தான் வழிந்தது. அதைப் பார்த்துவிட்டு அவர்கள் இன்னும் பலமாக உதைத்தார்கள்.

*

காதைத் தைத்தார்கள். போலீஸ் அதிகாரி வந்து உட்கார்ந்து கேட்டார். கழுத்தை நெரித்தான், கையில் கிடைத்ததை எடுத்து அடித்தேன், விழுந்துவிட்டான் என்றார் எலும்பண்ணா. "ஒரு அடியா?" என்று அதிகாரி கேட்டபோது, "ஆமா, ஒரு அடி" என்று வாய் தானாகச் சொன்னது. ஈரலிடமும் கேட்டார்கள். அவள் எலும்பண்ணாவின் காதுக் கட்டைப் பார்த்தாள். "நான் மேஜைக்கு அடியில இருந்தேன் சார். கண்ணை மூடிக்கிட்டேன்," என்றாள். மேனேஜர் தோளில் தட்டினார். "பூனை மாதிரி இருந்துக்கிட்டு புலி வேலை பாத்திருக்கீங்களே!"

வீட்டில் ஒரு வாரம் ஓய்வு. முதல் இரண்டு நாள் தூங்கியே கழிந்தது. அப்புறம் தூக்கம் போய்விட்டது. அவரைத் தொந்தரவு செய்தது கழுத்து வலியோ காதில் ஓயாமல் கேட்ட ரீங்காரமோ இல்லை. குளியலறையில் கதவைச் சாத்திக்கொண்டு நிற்கும்போது, கைகள் தாமாக மேலே உயர்ந்து கீழே இறங்கின. இரண்டு கையும் சேர்த்து, ஓங்கி, ஒரே இறக்கு. இறக்கிய கணத்தில் முழங்கை வரைக்கும் ஏறி வந்த அந்த அதிர்வு ஞாபகத்துக்கு வரும். அது வரும்போது நெஞ்சுக்குள் ஒரு குளிர்ச்சி. நாற்பத்தைந்து வயது வரைக்கும் யாரையும் கை ஓங்காத ஒருவருக்கு, தன் உடம்பில் இப்படி ஒரு சுகம் இருந்தது இதுவரை தெரியாமல் போய்விட்டது. அது தெரிந்ததுதான் பயமாக இருந்தது.

ஒரு சாயங்காலம் சமையலறையில் தண்ணீர் எடுத்துக்கொண்டிருந்தார். பின்னாலிருந்து வந்த மனைவி, காதுக் கட்டு ஈரமாயிருக்கிறதா என்று பார்க்கத் தோளைத் தொட்டாள். தொட்டது யார் என்று தெரிவதற்குள் திரும்பி அவளைத் தள்ளினார். அவள் அலமாரியில் மோதி, மேலே இருந்த பாத்திரங்களோடு தரையில் உட்கார்ந்துவிட்டாள். பாத்திரங்கள் உருண்டு ஓய வெகுநேரம் ஆனதுபோல் இருந்தது. அவர் கை இன்னும் ஓங்கியபடி இருந்தது. அவள் அந்தக் கையைத்தான் பார்த்தாள்.

"என்னங்க இது?" என்று மெதுவாகக் கேட்டாள். "நான்ங்க."

கையை இறக்கினார். கைகொடுத்து அவளைத் தூக்கப் போனார். அவள் அதைப் பிடிக்காமல், அலமாரியைப் பிடித்துக்கொண்டு தானே எழுந்தாள். முதுகைத் தேய்த்துக்கொண்டே பாத்திரங்களை எடுத்து அடுக்கினாள். அன்றிரவு அவள் மகளின் அறையில் போய்ப் படுத்துக்கொண்டாள். கேட்டதற்கு, "ஒண்ணுமில்ல, இடுப்பு வலிக்குது, அங்க மெத்தை கொஞ்சம் கெட்டியா இருக்கு" என்று சொன்னாள்.

*

வேலைக்குத் திரும்பிய அன்று அவர் மேஜையில் புதுத் திரை வைத்திருந்தார்கள். ஈரல் தன் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு பக்கத்தில் வந்தாள்.

"அண்ணா, அந்த ஆளோட ஃபைல் வந்திருக்கு. உங்க வரிசையிலதான் விழுந்துது. நான் எடுத்து வெச்சுக்கிட்டேன்."

"எப்படி இருக்கான்?"

"ஆபரேஷன் பண்ணியிருக்காங்க. இடுப்புக்குக் கீழ உணர்ச்சி இல்ல. வரலாம், வராமலும் போகலாம்னு எழுதியிருக்கு."

"எப்படி அடிபட்டுதுன்னு டாக்டர் என்ன எழுதியிருக்காரு?"

"இந்தத் தடவை விவரமா எழுதியிருக்காரு," என்றாள் ஈரல். திரையைப் பார்க்காமலேயே சொன்னாள், மனப்பாடம் ஆகியிருந்தது. "கைகலப்பின்போது கால் இடறி, மேஜை விளிம்பில் முதுகு மோத விழுந்ததால் ஏற்பட்ட காயம்."

பக்கத்துச் சலவைக்கூடத்தில் எந்திரம் கடகடத்து நின்றது.

"அவன் குப்புறத்தானே விழுந்தான். மேஜையில மோவாய்தான் இடிச்சுது," என்றார் எலும்பண்ணா. "நீ கண்ணை மூடிக்கிட்டு இருந்தியா?"

"இல்லண்ணா."

"அப்ப?"

"படுத்துக் கிடந்தான். அசையக்கூட இல்ல." அவள் நாற்காலியைப் பின்னால் தள்ளினாள். "ஆனா நான் பாத்ததை வெச்சு நான் கோடிங் போட முடியாதே. டாக்டர் எழுதினதைத்தானே போடணும். நீங்கதானே சொல்லிக் குடுத்தீங்க?"

அவள் குத்திக்காட்டுவதற்காகச் சொல்லவில்லை. ஒளிந்துகொள்ள அவளுக்கும் ஒரு மேஜை தேவைப்பட்டது. எலும்பண்ணா எழுந்து மாடிக்குப் போனார்.

எலும்பு டாக்டர் கை கழுவிக்கொண்டிருந்தார். சொன்னதைக் கேட்டபடியே விரல் விரலாகத் துடைத்தார்.

"உங்களுக்குக் காதுல மட்டும்தானே அடி? தலையிலயும் பட்டுதா?" என்றார்.

"விளையாடாதீங்க டாக்டர். அது விழுந்த காயம் இல்ல. அவன் கீழ கிடந்தப்ப நான் அடிச்சது. இடம் பாத்து அடிச்சேன்."

"மெதுவாப் பேசுங்க." டாக்டர் கதவைச் சாத்தினார். "அவன் உங்களைக் கொல்ல வந்தவன். நீங்க பிழைச்சீங்க. அவன் விழுந்தான். இதுல யாருக்கு என்ன நஷ்டம்? அடிச்சதுன்னு நான் எழுதினா மறுபடி போலீஸ் வரும், வக்கீல் வருவான். முதல் தடவை ஏன் சரியா எழுதலைன்னு என்னைக் கேப்பான். உங்களையும்தான். எல்லாருமா சேர்ந்து எதுக்கு மாட்டிக்கணும்?"

"நான் ரெண்டு தடவை கேட்டு அனுப்பினேன்."

"ஒரு நாளைக்கு எத்தனை இடுப்பு வலி பாக்குறேன் தெரியுமா?" என்றார் டாக்டர். முதல்முறையாகக் குரல் உயர்ந்தது. "எல்லாத்துக்கும் கதை கேட்டு எழுதிக்கிட்டு இருக்க முடியுமா?"

எலும்பண்ணாவின் கைகள் இரண்டும் சேர்ந்தன. மேஜை மேல் வழவழவென்று ஒரு பிளாஸ்டிக் முதுகெலும்பு நின்றிருந்தது, நோயாளிகளுக்குக் காட்டி விளக்குவதற்காக வைத்தது. அதைத் தூக்கி டாக்டரின் நெற்றியில் இறக்கினால் எப்படி இருக்கும் என்பது முழங்கை வரைக்கும் வந்துவிட்டது. கைகளைப் பிரித்துப் பைக்குள் விட்டுக்கொண்டு வெளியே வந்தார்.

*

லோடுமேனைத் தனி அறையில் போட்டிருந்தார்கள். கைது ஆன ஆள் என்பதால் வாசலில் ஒரு போலீஸ்காரர் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். காதுக் கட்டைப் பார்த்ததும் எழுந்து, "சார், நீங்கதானா அது? உள்ள என்ன வேலை உங்களுக்கு?" என்றார்.

"ஒரு நிமிஷம் பாத்துட்டு வந்துடறேன்."

உள்ளே, அவனுடைய ஒரு மணிக்கட்டு கட்டில் கம்பியோடு விலங்கில் இருந்தது. கால் அசையாதவனுக்கு எதற்கு விலங்கு என்று யாரும் யோசிக்கவில்லை. இன்னொரு மணிக்கட்டில் பல் பதிந்த இடத்தில் பிளாஸ்திரி. மோவாய் வீங்கிக் கறுத்திருந்தது. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்திருந்த அவன் மனைவி, வந்தவர் யாரென்று தெரியாமல், டாக்டரோ என்று எழுந்து நின்றாள்.

லோடுமேன் அவரைப் பார்த்தான். அந்தப் பார்வையில் கோபம் இருக்கும் என்று எண்ணி வந்தவருக்கு, அது இல்லாதது கஷ்டமாக இருந்தது.

"கால் இருக்கான்னு கண்ணால பாத்தாதான் தெரியுது," என்றான். "இப்ப என்ன போட்டிருக்க?" என்று கேட்டான்.

"விழுந்ததுன்னு எழுதியிருக்காங்க."

லோடுமேனுக்குச் சிரிப்பு வந்தது. மோவாய் வலித்திருக்க வேண்டும், பாதியில் நிறுத்திக்கொண்டான். "பீரோ விழுந்தப்ப விழலைன்னீங்க. அடிச்சுப் போட்டப்புறம் விழுந்தேங்கறீங்க."

அவன் மனைவிக்கு இப்போது புரிந்தது. "இந்த ஆளா?" என்று புருஷனைக் கேட்டாள். அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டான். அவள் மேஜையில் கஞ்சியோடு இருந்த ஸ்டீல் தூக்குவாளியை எடுத்தாள். எலும்பண்ணாவின் முகத்தில் ஓங்கி அடித்தாள். மூக்கிலிருந்து ரத்தம் பொட்டுப் பொட்டாகச் சட்டையில் விழுந்தது. இன்னொரு முறை அடித்தாள், தைத்த காதின் மேல். தையல் பிரிந்து சூடாக ஏதோ கழுத்தில் இறங்கியது. அவர் கைகள் உயர்ந்தன. உயர்ந்த கைகளைப் பின்னால் கொண்டுபோய் ஒன்றையொன்று இறுகப் பிடித்துக்கொண்டார். அவள் அடித்துக்கொண்டே இருந்தாள். தூக்குவாளியின் மூடி கழன்று கஞ்சி தெறித்தது. போலீஸ்காரர் ஓடி வந்து அவள் இடுப்பைப் பிடித்துத் தூக்கி அந்தப் பக்கம் தள்ளினார். சுவரில் சாய்ந்து நின்று, மூச்சு வாங்க, அவள் அப்போதும் அழவில்லை.

"பொம்பளையா நீ? உன்னையும் உள்ள வைக்கவா?" என்று போலீஸ்காரர் கத்தினார்.

"அவங்களை விடுங்க," என்றார் எலும்பண்ணா. கீழே கிடந்த துண்டை எடுத்து மூக்கில் வைத்துக்கொண்டார். "எங்கிட்ட எழுதி வாங்கணும். எழுதுறீங்களா?"

"எதை சார்?"

"அவன் விழலை. கீழ கிடந்தான், எந்திரிக்கலை. அப்ப நான் அடிச்சேன். அடிக்கத் தேவையில்லன்னு தெரிஞ்சுதான் அடிச்சேன்."

"சார்." போலீஸ்காரர் அவர் கையைப் பிடித்து வாசல் பக்கம் இழுத்தார். "ரத்தம் போகுது. மயக்கத்துல பேசுறீங்க. கேஸ் உங்க பக்கம் நல்லா இருக்கு. வீட்டுக்குப் போங்க, போய்ப் படுங்க."

"எழுதுங்க," என்றார் எலும்பண்ணா. "இல்லைன்னா அதிகாரியைக் கூப்பிடுங்க. வர்ற வரைக்கும் இங்கேயே நிக்கிறேன்."

போலீஸ்காரர் அவரையும், கட்டிலையும், சுவரோரம் நின்றவளையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு சலிப்போடு சட்டைப் பையைத் தடவிப் போனை எடுத்துக்கொண்டு நடைபாதைக்குப் போனார். அவர் யாரிடமோ தாழ்ந்த குரலில் பேசுவது கேட்டது.

அறையில் யாரும் யாரையும் பார்க்கவில்லை. கஞ்சி கட்டிலின் மேலும் தெறித்து, லோடுமேனின் பாதத்தில் வழிந்துகொண்டிருந்தது. அவனுக்குத் தெரியவில்லை. கூரையைப் பார்த்தபடி கிடந்தான். அவன் மனைவி சுவரை விட்டு வந்தாள். முந்தானையால் பாதத்தைத் துடைத்தாள், விரல் இடுக்கெல்லாம் துடைத்தாள். பிறகு குனிந்து, ஒரு கையை முழங்காலுக்கும் ஒரு கையைக் குதிகாலுக்கும் கொடுத்து, பல்லைக் கடித்து மூச்சைப் பிடித்து, அந்தக் கனத்த காலைத் தூக்கி, தலையணை மேல் மெல்ல இறக்கி வைத்தாள். வைத்துவிட்டு, இன்னொரு காலுக்காகச் சுற்றிக்கொண்டு கட்டிலின் அந்தப் பக்கம் போனாள்.